21ஆம் ஏட்டின் பின்பக்கம்

தெருவில் ஒரு நாணயம் கிடக்கிறது. தன் மடியிலிருந்து அது விழுந்ததே உரியவருக்கு இன்னும் தெரியாது. வழியே போகிற ஒருவர் குனிந்து எடுத்துக்கொள்கிறார். இப்போது அது யாருடையது?

அடையாளம் சொல்ல முடியாத பொருளைத் தொலைத்தவர் ‘போனது போனதுதான்’ என்று மனம் விட்டுவிட்டால், கண்டெடுத்தவருக்கு அது சொந்தம். இது யூதச் சட்டத்தின் பழைய விதி. தொலைந்ததே தெரியாதவர் மனம் விடுவது எப்படி? நான்காம் நூற்றாண்டில் பாபிலோனியாவில், அதாவது இன்றைய இராக்கில், வாழ்ந்த இரண்டு ஆசான்கள் இந்த இடத்தில் முட்டிக்கொண்டார்கள். தெரியவந்தால் எப்படியும் மனம் விடத்தான் போகிறார், ஆகவே இப்போதே விட்டதாக வைத்துக்கொள்ளலாம் என்றார் ரவா. இந்த நிமிடத்தில் அவருக்குத் தெரியாது, தெரியாதவரை அவர் விடவில்லை என்றார் அபாயே. அபாயேயை மடக்கப் பழைய விதி ஒன்றை எடுத்துப் போடுகிறார்கள். சிதறிக் கிடக்கும் காசு எடுத்தவருக்கே என்று விதி இருக்கிறதே, காசு விழுந்தது உரியவருக்கு எங்கே தெரிந்தது? அதற்கும் பதில் தயார்: பணம் வைத்திருப்பவன் நொடிக்கொரு தரம் மடியைத் தடவிப் பார்க்கிறவன், அவனுக்குத் தெரியாமல் இருக்காது. அங்கிருந்து வாதம் மரத்தடியில் உதிர்ந்த அத்திப்பழத்துக்குத் தாவி, ஆற்று வெள்ளம் அடித்துப்போன பொருளுக்குப் போய், அடுத்த ஏட்டில் ரவா தோற்பதோடு ஓய்கிறது. தோற்றுப்போன ரவாவின் வாதத்தை யாரும் வெட்டி எறியவில்லை. ஜெயித்தவரின் வாதத்துக்குப் பக்கத்திலேயே அது இன்றும் இருக்கிறது. மாணவர்கள் இரண்டையும் படித்தாக வேண்டும்.

இந்தச் சண்டை யூதச் சட்ட விவாதங்களின் தொகுப்பான தல்மூத்தில், ‘பாவா மெட்ஸியா’ என்ற நூலில், 21ஆம் ஏட்டின் பின்பக்கத்தில் நடக்கிறது. கிழக்கு ஐரோப்பாவில் எட்டு, ஒன்பது வயதுப் பையன்களைத் தல்மூத்துக்குள் இறக்கிவிட்ட வழக்கமான படித்துறை இதுதான். கடவுளைப் பற்றியோ படைப்பைப் பற்றியோ பேசும் பகுதியைக் கையில் கொடுக்கவில்லை. கண்டெடுத்த பொருளை எப்போது திருப்பிக் கொடுக்க வேண்டும் என்பதில் பாடத்தை ஆரம்பித்தார்கள். இன்றும் பல இடங்களில் அப்படியே. பக்கம் மாறவில்லை, வரி மாறவில்லை. அதன் முன்னால் உட்காருகிறவர் யார், யார் செலவில் உட்காருகிறார், எதைத் துணைக்கு வைத்துக்கொள்கிறார் என்பவையெல்லாம் மாறிவிட்டன. இந்த மாற்றத்தைத் துருவிப் பார்த்தால் ஒரு வேடிக்கை தெரியும். தொன்றுதொட்ட வழக்கம் என்று எல்லோரும் நம்புவதில் பாதி அண்மைக்காலத்தது. நவீனக் கோலம் என்று நினைப்பதில் சில, ரவா காலத்து வழக்கங்கள்.

முதலில் நூலைப் பற்றிச் சுருக்கமாக. கி.பி. 200 வாக்கில் கலிலேயாவில் யெஹூதா ஹநாசி என்ற தலைவர் அதுவரை வாய்மொழியாக வந்த சட்டங்களைத் தொகுத்தார். அது மிஷ்னா, 6 பெரும்பிரிவுகள், 63 நூல்கள். அதை வைத்துக்கொண்டு பாபிலோனியாவின் சூரா, பும்பெதிதா போன்ற ஊர்களின் கல்விக்கூடங்களில் தலைமுறை தலைமுறையாக நடந்த விவாதம் கெமாரா. இரண்டும் சேர்ந்தது தல்மூத். பாலஸ்தீனத்தில் உருவான இன்னொரு தல்மூத்தும் உண்டு என்றாலும், அடைமொழி இல்லாமல் தல்மூத் என்றால் பாபிலோனியதே. எபிரேயமும் அரமேயமும் கலந்த நடை. உயிர்க்குறி கிடையாது, நிறுத்தக்குறி கிடையாது. கேள்வி எங்கே முடிகிறது, பதில் எங்கே தொடங்குகிறது என்பதைப் படிக்கிறவர் தன் குரலின் ஏற்ற இறக்கத்தால்தான் பிரித்துக்கொள்ள வேண்டும். முட்டிய மாட்டுக்கு நட்டஈடு, மணமுறிவுப் பத்திரத்தின் வாசகம், கனவுப் பலன், காய்ச்சலுக்கு வைத்தியம் எல்லாம் உள்ளே கிடக்கும். இந்தியாவிலிருந்து வரும் பதப்படுத்திய இஞ்சியை யூதர் தின்னலாமா என்றுகூட ஓர் இடத்தில் பேசியிருக்கிறார்கள். தின்னலாம்.

ஏட்டு எண் சொன்னேன் அல்லவா, அதுவே ஒரு கதை. ஒவ்வொரு பக்கத்திலும் நடுவில் மூலம். ஒரு பக்கம் ராஷியின் உரை. பிரான்ஸின் ட்ருவா நகரில் 1040 முதல் 1105 வரை வாழ்ந்தவர், அவர் உரை இல்லாமல் மூலத்தில் அரைப்பக்கம் தாண்டுவது கடினம். மறுபக்கம் தோசஃபோத், ராஷியின் பேரர்களும் அவர்கள் வழிவந்தோரும் ராஷியையே மறித்துக் கேட்ட கேள்விகள். உலகில் எந்த ஊரில் பாவா மெட்ஸியா 21ஐத் திறந்தாலும் அதே சொல்லில் தொடங்கி அதே சொல்லில் முடியும். யூத மரபின் முகமாகவே ஆகிவிட்ட இந்தப் பக்கத்துக்கு நிலையான வடிவம் தந்தவர் யூதர் அல்லர். ஆன்ட்வெர்ப்பிலிருந்து வெனிஸுக்கு வந்து அச்சகம் வைத்த டேனியல் பொம்பெர்க் என்ற கிறித்தவர். 1520 தொடங்கி 1523க்குள் முழுத் தல்மூத்தையும் முதல் முறையாக அச்சிட்டு முடித்தார். அவர் போட்ட ஏட்டு எண்களே இன்றும் மேற்கோள் முகவரி.

அதற்கு முன் கையெழுத்துப் பிரதிகள்தான். அவற்றின் கதி தெரிந்ததே. 1242இல் பாரிஸில் 24 வண்டி நிறையப் பிரதிகளைக் கொண்டுவந்து கொளுத்தினார்கள். ஏறத்தாழ முழுமையாகத் தப்பிய பழைய பாபிலோனியத் தல்மூத் கையெழுத்துப் படி உலகத்தில் ஒன்றே ஒன்று, 1342இல் எழுதி முடித்தது, மியூனிக்கில் இருக்கிறது. அச்சு வந்த பிறகும் நெருப்பு விடவில்லை. 1553 செப்டம்பரில் ரோமில் கொளுத்தினார்கள். அடுத்த மாதமே, பொம்பெர்க் அச்சிட்ட அதே வெனிஸில். ஆனால் அச்சிட்டதை முழுக்க எரித்துத் தீர்க்க முடியவில்லை. 1880களில் வில்னாவில் ரொம் குடும்பத்தார், கணவரை இழந்த ஒரு பெண்மணியின் தலைமையில், கொண்டுவந்த பதிப்பு இந்த வடிவத்தை இன்னும் உறுதியாக்கியது. இன்றைய பெரும்பாலான பதிப்புகள் அதன் வழிவந்தவை.

பக்கம் மாறாமல் நின்றதால் நினைவாற்றலின் தன்மையே மாறிப்போனது. அச்சுக்கு முன் செவிவழி மனப்பாடம். பாபிலோனியக் கல்விக்கூடங்களில் மூலத்தை ஒப்பிப்பதற்கென்றே ஆட்கள் இருந்தார்கள். அச்சுக்குப் பின் கண்வழி மனப்பாடம். போலந்து யூதர்களில் சிலரிடம் ஒரு ஏட்டின் ஒரு சொல்மீது குண்டூசியை வைத்து, இது இத்தனையாவது ஏடு வரை குத்திப் போனால் அங்கே எந்தச் சொல்லைத் தொடும் என்று கேட்டால் சரியாகச் சொல்வார்கள். நேரில் கண்டவர்களின் சாட்சியங்களைத் திரட்டி 1917இல் ஜார்ஜ் ஸ்ட்ராட்டன் என்ற அமெரிக்க உளவியலாளர் ஆய்விதழில் எழுதியிருக்கிறார். அவர்களுக்குப் பக்கங்கள் படமாகவே மனத்தில் நின்றன. ஆனால் அவர்களில் ஒருவரும் பெரிய அறிஞராகப் பெயர் எடுத்ததாகத் தெரியவில்லை என்ற சாட்சியும் அதிலேயே இருக்கிறது.

இனி ஆட்கள். 19ஆம் நூற்றாண்டில் ரஷ்யப் பேரரசின் மேற்கு மாகாணங்களில் யூதப் பையன் ஒருவன் மூன்று நான்கு வயதில் ‘ஹேதெர்’ என்ற திண்ணைப் பள்ளிக்குப் போனான். ஆசிரியரின் வீட்டு அறையே பள்ளி. கையில் வார். மூலத்தின் ஒரு தொடரைச் சொல்லி, உடனே அதன் பொருளைத் தாங்கள் வீட்டில் பேசும் இத்திஷ் மொழியில் சொல்லி, ராகம் போட்டு இழுத்து, உடம்பை முன்னும் பின்னும் ஆட்டி ஆட்டிப் படித்தார்கள். பெரும்பாலோர் பன்னிரண்டு, பதின்மூன்று வயதோடு நிறுத்திவிட்டுத் தையலுக்கோ செருப்புத் தைக்கவோ சந்தைக்கோ போனார்கள். ஊக்கம் உள்ளவன் வேற்றூர் போய் அங்கே படிப்பு மண்டபத்தில் ஒட்டிக்கொள்வான். படுக்கை, மண்டபத்தின் பெஞ்சு. சாப்பாடு, கிழமைக்கொரு வீடு: ஞாயிறு பேக்கரிக்காரர் வீடு, திங்கள் விதவை ஒருத்தியின் வீடு என்று முறை. முறைக்கு வீடு அமையாத கிழமையில் பட்டினி. இந்த ‘முறைச் சாப்பாட்டின்’ கூச்சத்தைப் பற்றிச் சொல்லாத நினைவுக்குறிப்பு அந்தத் தலைமுறையில் அபூர்வம்.

இதை மாற்றியது வோலோஜின். இன்றைய பெலாரஸில் இருக்கும் சிற்றூர். வில்னாவின் பேரறிஞரான காவோனின் மாணவர் ஹயீம் 1803 வாக்கில் அங்கே ஒரு யெஷிவாவை, அதாவது தல்மூத் உயர்கல்விக்கூடத்தை, தொடங்கினார். அதுவரை யெஷிவா என்றால் ஊர்க்காரர் செலவில், ஊரின் சமயத் தலைவரான ரபியின் கீழ் நடப்பது. ஹயீம் ஊர் ஊராக ஆள் அனுப்பி நிதி திரட்டினார். மாணவனுக்கு உதவித்தொகை கொடுத்து அறை எடுத்துத் தங்க வைத்தார். கிழமை முறைச் சோறு ஒழிந்தது; சோறு போட்ட ஊர்க்காரரின் அதிகாரமும் கூடவே ஒழிந்தது. இரவும் பகலும் எந்த நேரத்திலும் ஒருவராவது படித்துக்கொண்டிருக்க வேண்டும் என்று முறை போட்டுக்கொண்டு படித்தார்கள். உச்சத்தில் சுமார் 400 பேர். தன் ஊரோடு ஒட்டாத, தனக்கென்று நிதியும் நிர்வாகமும் உள்ள, நாடெங்கும் இருந்து மாணவர் வரும் யெஷிவா என்ற அமைப்பே இங்கிருந்து பரவியதுதான். மோசே சட்டம் பெற்ற சீனாய் மலை காலத்திலிருந்து இருப்பதுபோல் தோன்றும் இந்த அமைப்புக்கு வயது 220 ஆண்டு சொச்சம்.

இன்னொன்று. இன்று எந்த யெஷிவா மண்டபத்துக்குள் நுழைந்தாலும் காது அடைத்துப்போகும். இருவர் இருவராக எதிரெதிரே உட்கார்ந்து, மேசையைத் தட்டி, கட்டைவிரலைச் சுழற்றி, ஒருவரை ஒருவர் மறித்துக் கத்திக்கொண்டிருப்பார்கள். இந்த ஜோடிப் படிப்புக்கு ‘ஹவ்ரூத்தா’ என்று பெயர். துணையோடு படிக்கச் சொல்லித் தல்மூத்தே புகழ்ந்திருப்பது உண்மை. ஆனால் லித்துவேனிய யெஷிவாக்களை ஆராய்ந்த வரலாற்றாசிரியர் ஷாவுல் ஸ்டாம்ப்ஃபர், வோலோஜினில் பெரும்பாலோர் தனியாகவே படித்தார்கள் என்கிறார். 1890இல் அங்கே போய்ச் சேர்ந்து, பிறகு எபிரேயக் கவிஞராகப் பெயர் பெற்ற பியாலிக்கின் ‘ஹமத்மித்’ கவிதையிலும் வருவது மூலையில் ஒற்றையாய் நின்று படிக்கும் பையன். ஜோடி போட்டுக் கத்துவது யெஷிவாவின் பொது வழக்கமானது அதற்குப் பிறகு.

தனியாகவும் படிக்க வழியில்லாத உழைப்பாளிகள் என்ன செய்தார்கள் என்றும் கேட்க வேண்டும். தொழிலுக்கொரு படிப்புக் குழு வைத்துக்கொண்டார்கள். மாலைத் தொழுகை முடிந்ததும் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்து, படித்தவர் ஒருவர் சொல்லச் சொல்லக் கேட்பார்கள். நியூயார்க்கில் உள்ள யிவோ நூலகத்தில் ஒரு பழைய புத்தகம் இருப்பதாக அறிஞர் ஆபிரகாம் ஹெஷல் எழுதியிருக்கிறார். அதில் உள்ள முத்திரை, பெர்திச்செவ் ஊர் விறகுவெட்டிகளின் மிஷ்னா படிப்புச் சங்கத்துடையது.

வோலோஜினை 1892இல் ரஷ்ய அரசு மூடியது. உலகக் கல்வியையும் சேர், நேரத்தைக் குறை என்ற நிபந்தனைகளில் தொடங்கிய தகராறு அப்படி முடிந்தது. கிளைகளும் போட்டியாளர்களும் வளர்ந்தார்கள்: மிர், ஸ்லபோத்கா, தெல்ஸ், போனெவெஜ். பின்னர் வந்த நாஜிப் படைகள் அந்த ஊர்களின் யூதர்களை ஏறக்குறைய அடியோடு கொன்றார்கள். மொத்தமாகத் தப்பிய ஐரோப்பிய யெஷிவா மிர் ஒன்றுதான். 1940இல் கௌனஸ் நகரில் ஜப்பானியத் தூதரகத்தில் இருந்த சியூனே சுகிஹாரா எழுதிக் கொடுத்த விசாக்களோடு மாணவர்கள் சைபீரியாவைக் கடந்து கோபே போய், அங்கிருந்து ஷாங்காய் போனார்கள். போர் முடியும்வரை ஷாங்காயில் படிப்பு ஓடியது. புத்தகம் போதாமல் அங்கேயே படியெடுத்து அச்சிட்டுக்கொண்டார்கள். ஜெர்மனியில் முகாம்களில் மிஞ்சியவர்களுக்காக 1948 என்று ஆண்டு பொறித்து ஹைடல்பெர்க்கில் 19 தொகுதிகளாக ஒரு தல்மூத் அச்சானது. செலவுக்கும் காகிதத்துக்கும் வழிசெய்தது அமெரிக்க ராணுவம். அதன் முகப்பில் மேலே பனைமரங்களோடு இஸ்ரேல் தேசம், கீழே முள்வேலி போட்ட முகாம். ஒரு நாட்டின் ராணுவம் தல்மூத் அச்சிட்டது வரலாற்றில் அந்த ஒரு முறைதான் என்று சொல்வார்கள்.

அழிவுக்கு முன்பே போலந்து ரபி ஒருவர் போட்ட விதை, அழிவுக்குப் பின் எல்லோரையும்விடப் பெரிதாக முளைத்தது. மெயிர் ஷபீரோ, 1923இல் வியன்னாவில் நடந்த, வைதிக யூதர்களின் அமைப்பான அகுதாத் இஸ்ரேலின் மாநாட்டில் எழுந்து ஒரு யோசனை சொன்னார். வயது 36. உலகத்து யூதர்கள் எல்லோரும் தினம் ஒரே ஏட்டைப் படிப்போம். கப்பலில் அமெரிக்கா போகிறவன் இங்கே விட்ட இடத்தில் அங்கே தொடரலாம். முகம் தெரியாதவனோடும் அன்றைய ஏட்டைப் பற்றிப் பேசலாம். அந்த ஆண்டு செப்டம்பர் 11, யூதப் புத்தாண்டு அன்று ‘தாஃப் யோமி’ என்ற இந்த நாள்-ஏட்டுப் படிப்பு தொடங்கியது. 2,711 ஏடுகள், ஏழு ஆண்டு ஐந்து மாதம். முதல் சுற்று 1931இல் முடிந்தபோது, லூப்ளினில் அவர் புதிதாகக் கட்டிய யெஷிவாவில் கொண்டாடினார்கள். இரண்டாம் சுற்று முடியும் முன்பே, 1933இல் ஷபீரோ போய்விட்டார். லூப்ளின் கட்டடத்தில் இப்போது ஒரு ஹோட்டலும், 2007இல் மீண்டும் திறந்த தொழுகைக்கூடமும் இருக்கின்றன.

அவர் சொன்ன கப்பல் போய் ரயில் வந்தது. நியூயார்க்கின் லாங் ஐலண்ட் ரயிலில், வேலைக்குப் போகிறவர்கள் காலையில் ஒரு பெட்டியில் கூடி அன்றைய ஏட்டை முடித்துக்கொண்டு இறங்கும் வகுப்பு 1990களில் தொடங்கியது. தொலைபேசியில் எண்ணைச் சுழற்றினால் பாடம் கேட்கும் வசதி, ஒலிநாடா, குறுந்தகடு, பாட்காஸ்ட் என்று வண்டி மாறிக்கொண்டே வந்தது. 2020 ஜனவரி 1 அன்று நியூ ஜெர்சியின் மெட்லைஃப் கால்பந்து மைதானத்தில், உறைபனிக் காலத்தில், 13ஆம் சுற்று முடிந்ததைக் கொண்டாடக் கூடியவர்கள் சுமார் 90,000 பேர். இரண்டு மாதத்தில் பெருந்தொற்று வந்து எல்லா மண்டபங்களையும் பூட்டியபோது, அப்போதுதான் தொடங்கியிருந்த 14ஆம் சுற்று ஜூமில் ஓடியது.

விடிகாலையில் ஒரு மணி நேரம் படித்துவிட்டு வக்கீல் அலுவலகத்துக்கோ கடைக்கோ போகிற இந்த ஆள்தான் யெஷிவாக்காரர்களின் கண்ணுக்கு நவீன மனிதர். மேலோட்டமானவர் என்றும் சொல்வார்கள். வரலாற்றைப் பார்த்தால், இவர் அபாயேக்கும் ரவாவுக்கும் பழக்கப்பட்ட ஆள். பாபிலோனியாவில் ஆண்டுக்கு இரண்டு மாதம், ஆதாரிலும் எலுலிலும், வயல் வேலை ஓய்ந்த காலத்தில் விவசாயிகளும் வணிகர்களும் கல்விக்கூடங்களில் வந்து குவிவார்கள். எந்த நூலைப் படித்துக்கொண்டு வர வேண்டும் என்று முன்கூட்டியே அறிவித்துவிடுவார்கள். ஆசான்களே தொழில் செய்தவர்கள். ஒருவர் செருப்புத் தைப்பவர், ஒருவர் கொல்லர். ரவ் பாப்பா மதுபானம் காய்ச்சி விற்றுப் பணக்காரர் ஆனவர். கூலிவேலை செய்த ஹில்லேல் என்ற முற்கால ஆசான் கல்விக்கூட வாயிற்காப்பானுக்குக் கொடுக்கக் காசில்லாத ஒரு நாளில், கூரை மேலேறிப் பலகணி வழியாகப் பாடம் கேட்டு, பனி மூடிக் கிடந்த கதை தல்மூத்திலேயே இருக்கிறது.

ஒரு நாளுக்கு ஒரு ஏடு என்ற வேகத்தைப் பற்றிய குறை நியாயமானதே. வோலோஜினில் பின்னாளில் கற்பித்த இன்னொரு ஹயீம், ஹயீம் சொலவெய்ச்சிக், வகுத்த ஆய்வுமுறையில் ஊறிய யெஷிவா, ஒரு பருவத்தில் சில பத்து ஏடுகளோடு நின்றுவிடும். மனம் விடுதல் என்பது உரியவர் செய்யும் ஒரு செயலா, அல்லது பொருளுக்கு நேர்ந்துவிடும் ஒரு நிலையா என்ற ஒரே கேள்வியில் அவர்கள் ஒரு வாரத்தைக் கழிப்பார்கள். அதைப் பிரித்துவிட்டால் அபாயேயும் ரவாவும் உண்மையில் எதில் வேறுபட்டார்கள் என்பது துலங்கும். ரயில் பயணிக்கு அந்த இடம் இரண்டு நிறுத்தங்களுக்கு இடையே கடந்துவிடும்.

அவர் அப்படிக் கடக்க முடிவதே ஒரு மனிதரால். ஆதின் ஸ்டைன்சால்ட்ஸ், 1937இல் ஜெருசலேமில் மதப் பழக்கம் இல்லாத குடும்பத்தில் பிறந்தவர். 1965இல் தொடங்கி 2010 வரை உழைத்து, முழுத் தல்மூத்துக்கும் உயிர்க்குறி, நிறுத்தக்குறி போட்டு, அரமேயத்தைத் தற்கால எபிரேயத்தில் விளக்கிப் பதிப்பித்தார். வில்னாப் பக்க அமைப்பைக் கலைத்தார் என்பது அவர்மேல் வந்த குற்றச்சாட்டுகளில் ஒன்று. 1989இல் கடும் வைதிக ரபிகள் அவர் நூல்களை எதிர்த்து அறிக்கை விட்டார்கள். அந்த வைதிகர் வட்டத்திலேயே படிக்கத் தகுந்ததாக ஏற்றுக்கொள்ளப்பட்டது ஆர்ட்ஸ்க்ரோல் பதிப்பகத்தின் ஆங்கிலப் பதிப்பு. 1990 முதல் 2005 வரை, 73 தொகுதிகள். தொகுதி எண்ணிக்கை ஏன் இப்படி ஊதியது என்றால், விளக்கப் பக்கம் ஒவ்வொன்றுக்கும் எதிரே வில்னாப் பக்கத்தைத் திரும்பத் திரும்ப அச்சிட்டார்கள். கண்ணை விளக்கத்தில் வைத்தாலும் மரபுப் பக்கத்தை விட்டு விலகவில்லை என்ற ஆறுதல் கிடைத்தது! 2017இல் செஃபாரியா என்ற இணைய நூலகம் ஸ்டைன்சால்ட்ஸின் விளக்கத்தை எபிரேயத்திலும் ஆங்கிலத்திலும் இலவசமாகத் திறந்துவிட்டது. ஒரு வரியைத் தொட்டால் ராஷி, தோசஃபோத், பிற்காலச் சட்டத்தொகுப்பு எல்லாம் வரிசையாக வந்து நிற்கும். பாவா மெட்ஸியா 21ஐத் தேடி வேற்றூர் மண்டபத்தின் பெஞ்சில் படுக்க வேண்டியதில்லை.

ஒரு வரியோடு ஒரு மணி நேரம் மல்லுக்கட்டுவதே படிப்பு, விடையைத் தட்டில் வைத்துக் கொடுத்தால் மூளை மழுங்கும் என்று பழைய ஆசிரியர்கள் புலம்புவதை நான் முழுதும் ஒதுக்க மாட்டேன். உரையை முதலில் படித்துவிட்டு மூலத்தைப் பார்க்கிறவருக்கு, மூலம் உரைக்கு ஒத்து ஊதுவதாகவே தெரியும். அபாயே எங்கே சறுக்கக் கூடும் என்று அவருக்குச் சந்தேகமே வராது. ஆனால் மல்லுக்கட்டு எல்லோருக்கும் வாய்த்ததில்லை. ஹேதெரில் வார் அடி வாங்கி, ஒன்றும் விளங்காமல், பன்னிரண்டு வயதில் தையற்கடைக்குப் போன ஆயிரக்கணக்கானவர்களைப் பற்றி அந்தப் புலம்பலில் ஒரு வார்த்தையும் இருக்காது. காகிதத்தைப் பற்றிய கவலையும் வேண்டாம். ஓய்வுநாளான சப்பாத்தில் வைதிக யூதர்கள் மின்கருவி எதையும் இயக்க மாட்டார்கள். வெள்ளி சூரியன் மறைவதிலிருந்து சனி இரவு வரை அன்றைய ஏட்டைப் படிக்க அச்சிட்ட புத்தகம் வீட்டில் இருந்தே ஆக வேண்டும்.

எல்லா மாற்றத்திலும் எனக்குப் பெரிதாகப் படுவது பெண்கள் உள்ளே வந்தது. மகளுக்குத் தோரா, அதாவது வேதம், கற்பிப்பதைக் கடுமையாகப் பழித்த ரபி எலியேஸரின் கருத்து மிஷ்னாவில் இருக்கிறது. கற்பிப்பது தந்தையின் கடமை என்ற பென் அஸ்ஸாயின் கருத்தும் அதே இடத்தில், அதற்குச் சற்று முன்னால் இருக்கிறது. பிந்தைய நூற்றாண்டுகள் எலியேஸரைப் பிடித்துக்கொண்டன. ரபி மெயிரின் மனைவி புரூரியா போன்ற ஒரு சில பெயர்களைத் தவிர, அந்தப் படிப்பில் பெண் குரலே இல்லை. 1977இல் நியூயார்க்கின் ஸ்டெர்ன் மகளிர் கல்லூரியில் தல்மூத் பாடத்தைத் தொடங்கிவைத்து முதல் வகுப்பை எடுத்தவர் ஜோசஃப் சொலவெய்ச்சிக். வோலோஜினில் கற்பித்த ஹயீம் சொலவெய்ச்சிக்கின் பேரன். தாத்தாவின் ஆய்வுமுறையைப் பேரன் பெண்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். 1979இல் நியூயார்க்கில் திரிஷா, 1988இல் ஜெருசலேமில் மதான் என்று நிறுவனங்கள் வந்தன. 2020 ஜனவரி 5 அன்று ஜெருசலேமில், தாஃப் யோமி முடித்த பெண்களின் முதல் பெருவிழா. மிஷேல் கோஹென் ஃபார்பர் தொடங்கிய ஹத்ரான் அமைப்பு நடத்தியது. மூவாயிரத்துக்கு மேல் வந்தார்கள். அந்தச் சுற்றில் கடைசியாகப் படிக்கும் நூல் ‘நித்தா’, மாதவிலக்குச் சட்டங்களைப் பற்றியது. ஏடு ஏடாக ஆண்களே பெண்ணுடலைப் பற்றி வாதாடும் அந்த நூலை, ஃபார்பரின் குரலில் நாடெங்கும் பெண்கள் கேட்டுப் படித்து முடித்திருந்தார்கள். கடும் வைதிகரான ஹரேதிகளின் பெண் பள்ளிகளில் இன்றும் கெமாரா கிடையாது.

ஹரேதிகள் என்றதும் இஸ்ரேலின் தீராத வழக்குக்கு வந்துவிடுகிறோம். 1948இல் பிரதமர் பென்-குரியோன் சுமார் 400 யெஷிவா மாணவர்களுக்குக் கட்டாய ராணுவ சேவையிலிருந்து விலக்கு அளித்தார். ஐரோப்பிய யெஷிவாக்கள் சாம்பலாகியிருந்த நேரம். விதைநெல் அளவுக்காவது மிஞ்சட்டும் என்று கேட்டவர்களுக்கு மறுக்க அவருக்கு மனம் வரவில்லை. 1977இல் ஆட்சிக்கு வந்த பெகின் அரசு எண்ணிக்கை வரம்பை நீக்கியது. 2024 ஜூன் 25 அன்று இஸ்ரேல் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகளும் ஒருமனதாக, விலக்குக்குச் சட்டப் பின்புலம் இல்லை என்று தீர்ப்புச் சொன்னபோது, சேவைக்குரிய வயதில் இருந்த யெஷிவா மாணவர்கள் சுமார் 63,000 பேர். மணமான பிறகும் உதவித்தொகை வாங்கிக்கொண்டு ஆண்டுக்கணக்கில் படிப்பதை ஒரு சமூகத்தின் ஆண்கள் எல்லோருக்குமான வாழ்க்கைமுறையாக வைத்திருப்பது சூராவிலும் இல்லை, வோலோஜினிலும் இல்லை. அது நலத்திட்ட அரசு ஒன்று வந்த பிறகே கைகூடியது. ஆனால் அதைக் காப்பவர்கள் தாங்கள் காப்பது ஆதிகால முறை என்று உளமார நம்புகிறார்கள்.

அறிஞர்களுக்குக் காவல் வேண்டியதில்லை, படிப்பே அவர்களுக்குக் காவல், ஆகவே மதில் கட்டும் வரியிலிருந்து அவர்களுக்கு விலக்கு என்ற ‘பாவா பத்ரா’ 8ஆம் ஏட்டின் பேச்சை அவர்கள் எடுத்து வைக்கிறார்கள். கட்டாயப் போர் என்று வந்தால் மணவறையிலிருந்து மாப்பிள்ளைகூட எழுந்து போக வேண்டும் என்ற ‘சோத்தா’ 44ஆம் ஏட்டை எதிர்த்தரப்பு எடுத்து வைக்கிறது. எதிர்த்தரப்பில் ராணுவ உடையோடு யெஷிவாவிலும் படிக்கிற மதச் சியோனிச இளைஞர்கள் பலர் உண்டு. ஏட்டு எண்ணைச் சொன்னால் இரு தரப்புக்கும் புத்தகத்தைத் திறந்து பார்க்க வேண்டிய அவசியம்கூட இருக்காது. இந்த வழக்கு முடிகிறதோ இல்லையோ, தாஃப் யோமியின் 14ஆம் சுற்று 2027 ஜூன் 7இல் முடிகிறது. 15ஆம் சுற்று மறுநாளே தொடங்கும்.